காயத்துக்குப் பிறகு: மைக்கா, கோச்சிங்கா, மறுபடி களமா?

முழங்காலில் எலும்புகளைப் பிணைக்கும் லிகமென்ட் கிழிந்து வெளியே உட்கார்ந்திருக்கும் கூடைப்பந்து வீரர்களிடமிருந்து அடிக்கடி வரும் கேள்வி இது: மறுபடி ஆடப் பார்க்கலாமா, கோச்சிங் பக்கம் போகலாமா, இல்லை வர்ணனையில் இறங்கலாமா? அமெரிக்காவின் தொழில்முறைக் கூடைப்பந்து லீக்கான என்பிஏவைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இந்த மூன்றாவது வழிதான் கண்ணுக்கு அழகாகத் தெரிகிறது. கோட்டு சூட்டு போட்ட பழைய வீரர்கள் திரையில் உட்கார்ந்து பேசுகிறார்கள், சிரிக்கிறார்கள், சம்பளமும் வருகிறது. உடம்பு வலிக்காத வேலை என்ற எண்ணம் வந்துவிடுகிறது.

இந்தக் கேள்விக்குப் பொதுவாகப் பதில் சொல்வதைவிட, இதே இடத்தில் நின்று வெவ்வேறு பக்கம் திரும்பிய சிலரைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். எல்லோரும் அமெரிக்காவில் ஆடியவர்கள். அங்கே இருக்கும் பணமும் டிவி சேனல்களும் எல்லா ஊரிலும் கிடையாது. ஆனால் காயமும் அதற்குப் பிறகு வரும் குழப்பமும் எங்கேயும் ஒன்றுதான்.

முதலில் ஜே வில்லியம்ஸ். 2001-ல் டியூக் பல்கலைக்கழகம் தேசியப் பட்டம் வென்ற அணியில் ஆட்டத்தை நடத்தும் பாயின்ட் கார்ட். 2002 டிராஃப்டில், அதாவது என்பிஏ அணிகள் புது வீரர்களை வரிசையாகத் தேர்ந்தெடுக்கும் நிகழ்வில், இரண்டாவது ஆளாக சிகாகோ புல்ஸ் அவரை எடுத்தது. ஒரு சீசன், 75 ஆட்டங்கள். 2003 ஜூனில் சிகாகோவில் பைக் விபத்து. ஹெல்மெட் போடவில்லை. இடுப்பெலும்பு உடைந்தது, இடது முழங்காலின் லிகமென்ட்கள் கிழிந்தன, காலின் முக்கியமான நரம்பு அறுந்தது. அப்போது அவருக்கு 21 வயது. பைக் ஓட்டக் கூடாது என்று ஒப்பந்தத்திலேயே இருந்ததால் மீதிப் பணத்தைத் தர வேண்டிய கட்டாயம் அணிக்கு இல்லை. ஆனாலும் அவரை விடுவித்தபோது புல்ஸ் சுமார் 30 லட்சம் டாலர் கொடுத்தது. பின்னாளில் அவர் விளையாட்டுச் சேனலான இஎஸ்பிஎன்னின் கல்லூரிக் கூடைப்பந்து விமர்சகர் ஆனார், பிறகு என்பிஏ நிகழ்ச்சிகளுக்கும் காலை வானொலி நிகழ்ச்சிக்கும் போனார். விபத்துக்கும் அந்த நாற்காலிக்கும் நடுவே இருந்த வருஷங்களைத்தான் நாம் பார்க்க வேண்டும்.

## எதை வைத்து அளப்பது

அந்த மூன்று வழிகளோடு நிர்வாகம் என்று நாலாவது ஒன்றும் உண்டு. வழிகளை எடுத்துப் பேசுவதற்கு முன் அளவுகோலை முடிவு செய்துகொள்ள வேண்டும். இல்லாவிட்டால் யார் கடைசியாகப் பேசினாரோ அவர் சொன்னதே சரி என்று தோன்றும்.

- உடம்பு: அந்த வேலை காயம்பட்ட இடத்திடம் எவ்வளவு கேட்கும்?
- வருமானம்: பணம் எப்போது வரத் தொடங்கும்?
- ஆயுள்: அந்த வேலை எத்தனை வருஷம் நிற்கும், அதை முடிவு செய்வது யார்?
- நெருக்கம்: ஆட்டத்தோடும் அணியோடும் எவ்வளவு ஒட்டியிருக்கலாம்?
- திரும்பும் வழி: சரிப்படவில்லை என்றால் இன்னொரு வழிக்கு மாற முடியுமா?

ஐந்தும் ஒரே எடை இல்லை. என் கணக்கில் கடைசியாகச் சொன்ன திரும்பும் வழிக்குத்தான் அதிக எடை. காயம்பட்ட முதல் வருஷத்தில் யாருக்கும் தன் மனசு தெளிவாகத் தெரியாது. அந்த நேரத்தில் எடுக்கும் முடிவு, பின்னால் மாற்றிக்கொள்ளக் கூடியதாக இருப்பது நல்லது.

| | மறுபடி களம் | கோச்சிங் | வர்ணனை | நிர்வாகம் |
|---|---|---|---|---|
| உடம்பு | முழுதாகக் கேட்கும் | நடுத்தரம் | பயணமும் உட்காருவதும்தான் சுமை | குறைவு |
| வருமானம் தொடங்க | அணி எடுத்தால்தான் | சீக்கிரம், ஆனால் கொஞ்சம் | பழகும் காலம் ஆகும் | படிப்போ முதலீடோ வேண்டும் |
| ஆயுள் | உடம்பு விடும் வரை | தோற்கும் வரை | சேனலுக்கு உரிமை இருக்கும் வரை | ஆளைப் பொறுத்தது |
| நெருக்கம் | உள்ளேயே | உள்ளேயே | வாசலில் | பின்னறையில் |
| திரும்பும் வழி | வயதோடு மூடும் | ஓரளவு | நிறைய | ஓரளவு |

## மறுபடி களம்

முதலில் இதைப் பேசிவிட வேண்டும். ஏனென்றால் இந்த ஆசை மனசுக்குள் இருக்கும்வரை மற்ற எந்த வேலையிலும் கால் ஊன்றாது.

நடக்கவே நடக்காது என்று சொல்ல முடியாது. ஷான் லிவிங்ஸ்டன் 2007 பிப்ரவரியில் ஒரே நொடியில் முழங்காலின் கிட்டத்தட்ட எல்லா லிகமென்ட்களையும் இழந்தார். காலையே எடுக்க வேண்டி வரலாம் என்று மருத்துவமனையில் பேச்சு எழுந்தது. அடுத்த சீசன் முழுவதும் ஆடவில்லை. பிறகு பல அணிகள் மாறி, கடைசியில் கோல்டன் ஸ்டேட் வாரியர்ஸில் 2015, 2017, 2018 என்று மூன்று பட்டங்கள் வென்றார். ஆனால் திரும்பி வந்தவர் பழைய லிவிங்ஸ்டன் இல்லை. வேகத்தை நம்பி ஆடியவர், தன் உயரத்தை வைத்துக் கிட்டத்திலிருந்து பந்தை உயர்த்திப் போடும் ஆட்டக்காரராகத் தன்னை மாற்றிக்கொண்டார்.

கிராண்ட் ஹில்லும் அப்படித்தான். 2000-ல் கணுக்கால் உடைந்த நிலையில் ஒர்லாண்டோ மேஜிக்குக்குப் போனவர் முதல் மூன்று சீசன்களில் ஆடியது மொத்தம் 47 ஆட்டங்கள். 2003-ல் அறுவை சிகிச்சைக்குப் பின் வந்த கிருமித் தொற்று உயிருக்கே ஆபத்தானது. 2003-04 சீசன் முழுக்கப் போயிற்று. அதற்குப் பிறகும் லீக்கின் சிறந்த வீரர்கள் ஆடும் ஆல்-ஸ்டார் ஆட்டத்துக்குத் தேர்வானார், 40 வயதில்தான் ஓய்வு பெற்றார்.

இன்னொரு பக்கம் பிராண்டன் ராய். 2007-ல் அந்த ஆண்டின் சிறந்த புதுமுகம். முழங்கால்களில் குருத்தெலும்பு தேய்ந்துபோய் 2011 டிசம்பரில் ஓய்வை அறிவித்தார். 2012-ல் மினசோட்டாவுக்காகத் திரும்பினார். 5 ஆட்டங்களோடு முடிந்தது. ஜே வில்லியம்ஸும் 2006-ல் நியூ ஜெர்சி நெட்ஸோடு ஒப்பந்தம் போட்டார். சீசன் தொடங்கும் முன்பே விட்டுவிட்டார்கள். என்பிஏவுக்குக் கீழே இருக்கும் வளர்ச்சி லீக்கில் ஆஸ்டின் அணிக்கு 3 ஆட்டங்கள் ஆடினார், தொடையின் பின்தசை காயப்பட்டது, அதோடு சரி.

இங்கே மறைந்திருக்கும் செலவு இரண்டு. ஒன்று காலம்: விபத்திலிருந்து அந்த 3 ஆட்டங்கள் வரை வில்லியம்ஸுக்கு மூன்றரை வருஷம் போயிருந்தது. இன்னொன்று வலி மாத்திரை. தனக்கு அந்தப் பழக்கம் எவ்வளவு ஆழமாகப் போனது, உயிரை விடக்கூட நினைத்தது எப்படி என்று வில்லியம்ஸே வெளிப்படையாகப் பேசியிருக்கிறார். திரும்ப ஆட முயற்சி செய்கிறவர்கள் பிசியோதெரபி கட்டணத்தைக் கணக்குப் போடுகிறார்கள், இதைப் போடுவதில்லை.

எலும்போ லிகமென்டோ கிழிந்து அல்லது உடைந்து, ஒட்டக்கூடிய நிலையில் இருந்தால், வயது 25-க்குள் இருந்தால், ஆட்ட பாணியை மாற்றிக்கொள்ள மனசு இருந்தால் முயற்சி செய்யுங்கள். ஒரு கெடு வைத்துக்கொண்டு செய்யுங்கள். குருத்தெலும்பு தேய்மானம், நரம்புச் சேதம் என்றால் மருத்துவர் சொல்வதை ஒரு தடவைக்கு இரண்டு தடவை கேளுங்கள்.

## கோச்சிங்

ராயின் கதை இங்கே தொடர்கிறது. 2016-ல் சியாட்டிலில் நேதன் ஹேல் என்ற பள்ளிக்கு கோச்சாகப் போனார். முந்தைய சீசனில் 3 ஆட்டங்கள் மட்டுமே வென்ற அணி அது. அவர் வந்த முதல் சீசனில் 29-0. நாட்டின் சிறந்த பள்ளி கோச் என்ற நெய்ஸ்மித் விருதும் கிடைத்தது. அந்த வருஷம் மைக்கேல் போர்ட்டர் ஜூனியர் போன்ற பெரிய திறமைசாலி அந்தப் பள்ளிக்கு வந்து சேர்ந்தார் என்பதையும் சொல்ல வேண்டும். ஆனாலும் முழங்கால் போன ஒருவர் ஒரு ஜிம்முக்குள் மறுபடி பயனுள்ள ஆளாக நின்றார் என்பதுதான் எனக்கு அதில் பெரிதாகத் தெரிகிறது.

கோச்சிங் கொடுப்பதை வேறு எதுவும் கொடுக்காது: ஒரு டிரெஸ்ஸிங் ரூம், ஒரு கூட்டம், தோற்றால் சேர்ந்து வலிப்பது. வீரர்கள் ஓய்வுக்குப் பிறகு அதிகம் ஏங்குவது இதற்குத்தான்.

இதன் செலவு ஆயுளில் தெரியும். டக் காலின்ஸை எடுத்துக்கொள்ளுங்கள். 1973 டிராஃப்டில் முதல் ஆள், நாலு முறை ஆல்-ஸ்டார், காலும் முழங்காலும் கெட்டு 1981-ல் ஆட்டம் முடிந்தது. கோச்சாக அவர் எவ்வளவு மதிக்கப்பட்டவர் என்பது தெரிந்ததே. ஆனால் சிகாகோவில் மூன்று சீசன், டெட்ராய்ட்டில் மூன்றாவது சீசனின் நடுவிலேயே வெளியே, வாஷிங்டனில் இரண்டு, பிலடெல்பியாவில் மூன்று. 1989-ல் என்பிஏவின் கிழக்குப் பிரிவின் இறுதிச் சுற்று வரை அணியைக் கொண்டுபோன பிறகும் சிகாகோ அவரை நீக்கியது. மேல்மட்டத்தில் கோச்சிங் என்றால் பெட்டியைக் கட்டியே வைத்திருக்க வேண்டும். குடும்பத்தோடு ஊர் மாற முடியாதவர்கள், குழந்தைகள் பள்ளியில் இருப்பவர்கள் இதை நன்றாக யோசிக்க வேண்டும். பள்ளி, கல்லூரி அளவில் ஆயுள் கூடும், வருமானம் குறையும்.

உடம்புக்கும் ஓரளவு வேலை உண்டு. பயிற்சியில் மணிக்கணக்கில் நிற்க வேண்டும். இடுப்போ முதுகோ பிரச்சினை என்றால் அது சின்ன விஷயம் இல்லை.

## வர்ணனை

இதில் இரண்டு தனித்தனி வேலைகள் இருக்கின்றன. இரண்டையும் ஒன்றாக நினைத்துத்தான் பலர் ஏமாறுகிறார்கள்.

ஒன்று ஸ்டூடியோ. ஆட்டத்துக்கு முன்னும் இடைவேளையிலும் பின்னும் கருத்துச் சொல்வது. இங்கே தேவை தெளிவான கருத்து, துணிச்சல், கூட இருப்பவரோடு சுவாரசியமாக மோதும் குணம். பெயர் பெரிதாக இருந்தால் சீக்கிரம் இடம் கிடைக்கும். புதிதாக ஒரு பெரிய பெயர் ஓய்வு பெற்றால் அதே வேகத்தில் இடம் போகவும் போகும்.

இன்னொன்று ஆட்ட வர்ணனையில் நிபுணர் இருக்கை. பந்து எங்கே, யாரிடம் என்று சொல்வது பக்கத்தில் இருக்கும் தொழில்முறை வர்ணனையாளரின் வேலை. நிபுணர் சொல்ல வேண்டியது 'ஏன்' என்பதை. கூடைப்பந்தில் அதற்கு நேரமே கிடையாது. கூடை விழுந்ததிலிருந்து எதிரணி பந்தை நடுக்கோட்டைத் தாண்டிக் கொண்டுபோக 8 வினாடி. அதற்குள் ஒரு தடுப்பாட்டத் தவறை, ஒரு மறைப்பு (தடுப்பவரின் வழியில் உடம்பை வைத்து மறிப்பது) எப்படிப் போடப்பட்டது என்பதை, எந்த வீரர் ஒரு அடி தாமதமாக வந்தார் என்பதைச் சாதாரண ஆளுக்குப் புரியும்படி சொல்லி வாயை மூட வேண்டும். அதே நேரத்தில் காதில் தயாரிப்பாளர் ரீப்ளே வருகிறது என்பார். கிரிக்கெட் வர்ணனையில் ஓவருக்கு ஓவர் கிடைக்கும் நிதானம் இங்கே இல்லை. களத்தில் உடம்பே முடிவெடுத்துப் பழகியவருக்கு, தான் செய்ததை வார்த்தையில் சொல்வது வேறொரு தொழில். அதைப் பழகத்தான் வேண்டும். சிரக்யூஸ் பல்கலைக்கழகத்தில் என்பிஏ வீரர்களுக்கென்றே ஒளிபரப்புப் பயிற்சி நடத்தப்பட்டதும், ஷாகீல் ஓ'நீல் போன்றவர்கள் அதில் உட்கார்ந்து படித்ததும் இதனால்தான்.

பழகினால் எவ்வளவு தூரம் போகலாம் என்பதற்கு பில் வால்டனைவிடப் பெரிய சாட்சி எனக்குத் தெரியவில்லை. 1977-ல் போர்ட்லண்டுக்குப் பட்டம், 1978-ல் லீக்கின் மிகச் சிறந்த வீரர், பிறகு பாதங்கள் கைவிட்டன. 1978-79, 1980-81, 1981-82 என்று முழு முழு சீசன்களாகப் போயின. மொத்த வாழ்க்கையில் ஆடியது 468 ஆட்டங்கள். இதில் நாம் கவனிக்க வேண்டிய விஷயம், வால்டனுக்குச் சின்ன வயதிலிருந்தே திக்குவாய். 28 வயது வரை சரியாகப் பேச முடியாது. மார்ட்டி கிளிக்மன் என்ற மூத்த வர்ணனையாளர் அவருக்கு வழி சொல்லிக் கொடுத்தார்: மெதுவாகப் பேசு, சத்தம் போட்டுப் படி, எந்த ஒலி தடுக்கிறதோ அதைக் கண்டுபிடித்து அதில் உழை. அப்படிப் பேசக் கற்ற மனிதர் 1990-ல் ஒளிபரப்புக்கு வந்து, என்பிசி, ஏபிசி, இஎஸ்பிஎன், கடைசியில் பசிபிக்-12 என்ற கல்லூரிக் கூட்டமைப்பின் ஆட்டங்கள் என்று முப்பது வருஷத்துக்கு மேல் பேசினார். 2024 மே மாதம் காலமானார். எனக்குக் குரல் சரியில்லை, பேச்சு வராது என்று இந்த வழியை ஆரம்பத்திலேயே ஒதுக்குகிறவர்கள் வால்டனின் பழைய ஒளிபரப்பு ஒன்றையாவது பார்க்க வேண்டும்.

அதே வால்டனின் வாழ்க்கை, உடம்பு வலிக்காத வேலை என்ற எண்ணத்தையும் உடைக்கிறது. 2008-ல் அவருடைய முதுகெலும்பு குலைந்தது. உட்காரவும் முடியாமல் தரையில் கிடந்த நாட்களையும், வாழவே வேண்டாம் என்று தோன்றியதையும் அவர் மறைக்காமல் சொன்னார். 2009-ல் பெரிய அறுவை சிகிச்சை. அந்த வருஷமே இஎஸ்பிஎன் வேலையை விட்டார். பிறகுதான் மெதுவாகத் திரும்பினார். ஊர் ஊராக விமானம், ஹோட்டல் படுக்கை, மணிக்கணக்காக ஒரே நாற்காலி: கால் காயத்துக்கு இது ஓய்வு, முதுகுக் காயத்துக்கு இது தண்டனை. உங்கள் காயம் எங்கே என்பதைப் பொறுத்துத்தான் இந்த வழி சுலபமா கஷ்டமா என்று சொல்ல முடியும்.

இரண்டாவது மறைந்த செலவு, வேலையின் ஆயுள் உங்கள் திறமையில் மட்டும் இல்லை என்பது. 2023 ஜூனில் இஎஸ்பிஎன் ஆட்குறைப்பு செய்தபோது ஜெஃப் வான் கண்டி, ஜேலன் ரோஸ் போன்ற தெரிந்த முகங்களே வெளியேறினார்கள். வில்லியம்ஸோடு காலை வானொலியில் பேசிய கீஷான் ஜான்சனும் மேக்ஸ் கெல்லர்மனும் அதில் போனார்கள், வில்லியம்ஸ் தப்பினார். அதே வருஷம் மார்ச்சில் பல என்பிஏ அணிகளின் உள்ளூர் ஒளிபரப்பை வைத்திருந்த டைமண்ட் நிறுவனம் திவால் மனு போட்டது. 2025-26 சீசனிலிருந்து 11 வருஷத்துக்கான என்பிஏ ஒளிபரப்பு உரிமை டிஸ்னி, என்பிசி, அமேசான் கைக்குப் போனது. பல பத்தாண்டுகள் என்பிஏ காட்டிய டிஎன்டியிடம் இப்போது அந்த ஆட்டங்கள் இல்லை. நன்றாகப் பேசுகிறவரின் நாற்காலியும் இப்படி ஒரே கையெழுத்தில் நகர்ந்துவிடும்.

மூன்றாவது செலவு மனசு சம்பந்தப்பட்டது. நீங்கள் நிற்க வேண்டிய இடத்தில் இன்னொருவர் நிற்பதை வாரத்துக்கு மூன்று தடவை பார்த்து, அதைப் பற்றி நல்லபடியாகப் பேச வேண்டும். கூட ஆடியவனின் தவறை லட்சம் பேர் முன்னால் சொல்ல வேண்டும். சொல்லாமல் விட்டால் பார்க்கிறவர்கள் கண்டுபிடித்துவிடுவார்கள், சொன்னால் நட்பு போகும். 1998 இறுதிச் சுற்றில் மைக்கேல் ஜோர்டன் சிகாகோவுக்காகப் போட்ட கடைசிக் கூடையை என்பிசிக்காக விவரித்த மூவரில் டக் காலின்ஸும் ஒருவர். ஜோர்டனுக்கு ஒரு காலத்தில் கோச்சாக இருந்து, அதே அணியால் நீக்கப்பட்டவர். அதை எந்தக் கசப்பும் இல்லாமல் செய்ய ஒரு பக்குவம் வேண்டும். காயம்பட்ட முதல் வருஷத்திலேயே அந்தப் பக்குவம் எல்லோருக்கும் வந்துவிடாது.

இவ்வளவு சொன்ன பிறகும், ஐந்து அளவுகோலையும் வைத்துப் பார்த்தால் பெரும்பாலானோருக்கு நான் சொல்வது வர்ணனைதான். காரணம் காலின்ஸின் வாழ்க்கை வரைபடமே. சிபிஎஸ் ஒளிபரப்பிலிருந்து, தலைமைக் கோச்சாக முன்அனுபவமே இல்லாமல் 1986-ல் சிகாகோவின் கோச் ஆனார். நீக்கப்பட்டதும் டிஎன்டி. பிறகு டெட்ராய்ட், அங்கிருந்து என்பிசி, பிறகு வாஷிங்டன், மறுபடி டிஎன்டி, பிறகு பிலடெல்பியா, அப்புறம் இஎஸ்பிஎன். ஒவ்வொரு முறையும் மைக் அவரை ஆட்டத்துக்குள்ளேயே வைத்திருந்தது. எல்லா அணிகளையும் பார்க்கிறீர்கள், எல்லாக் கோச்களிடமும் ஆட்டத்துக்கு முன் பேசுகிறீர்கள், யார் என்ன செய்கிறார்கள் என்பது தெரிகிறது. வெளியேறும் கதவு எல்லாப் பக்கமும் திறந்திருக்கும் வேலை இது ஒன்றுதான்.

## நிர்வாகம்

சுருக்கமாகச் சொல்லலாம், ஏனென்றால் இது எல்லோருக்கும் எட்டும் வழி இல்லை. இடது பாதத்தில் திரும்பத் திரும்ப எலும்பு முறிந்து 2011-ல் ஓய்வு பெற்ற யாவ் மிங், அதற்கு முன்பே ஷாங்காய் அணியை வாங்கியிருந்தார். ஓய்வுக்குப் பிறகு பல்கலைக்கழகத்தில் சேர்ந்து படித்து 2018-ல் பட்டம் பெற்றார், 2017-லிருந்து 2024 வரை சீனக் கூடைப்பந்துச் சங்கத்தின் தலைவராக இருந்தார். அந்தப் பேரும் பணமும் எத்தனை பேருக்கு இருக்கும்?

நடைமுறைக்கு நெருக்கமான உதாரணம் கிரெக் ஓடன். 2007 டிராஃப்டில் முதல் ஆள், முழங்கால்கள் வாழ்க்கையைச் சுருக்கின. அவர் ஒஹாயோ மாநிலப் பல்கலைக்கழகத்துக்கே திரும்பி, மாணவர் உதவியாளராக அணியோடு இருந்துகொண்டு 2019-ல் படிப்பை முடித்தார். பிறகு பட்லர் பல்கலைக்கழக அணியின் செயல்பாட்டுப் பொறுப்புக்குப் போனார். பயண ஏற்பாடு, அட்டவணை, உணவு, தங்குமிடம் என்று யாரும் கைதட்டாத வேலை. பேச விருப்பமில்லாதவர்களுக்கு, கத்தவும் விருப்பமில்லாதவர்களுக்கு இது நல்ல இடம். படிப்பைப் பாதியில் விட்டவர்கள் முதலில் அதை முடிப்பதுதான் இந்த வழிக்குக் கட்டணம்.

## யாருக்கு எது

காயத்துக்கு முன் எத்தனை வருஷம் ஆடினீர்கள் என்பதும் இதில் சேரும். என்பிஏ ஓய்வூதியத்துக்கு மூன்று வருஷ சேவை வேண்டும். வில்லியம்ஸ் ஆடியது ஒரு சீசன். அவரைப் போல ஆரம்பத்திலேயே விழுந்தவருக்கு, உடனே சம்பளம் தரும் வேலை முதலில் வர வேண்டும். பெயர் கொஞ்சமாவது நினைவில் இருக்கும்போதே மைக் பக்கம் போவது அவருக்கு நல்லது. அந்தப் பெயர் ஒரு சில வருஷத்தில் மங்கிவிடும்.

பத்து வருஷம் ஆடி, கையில் சேமிப்பு இருப்பவர் நிதானமாகப் பார்க்கலாம். கிராண்ட் ஹில் ஒளிபரப்பையும், அட்லாண்டா ஹாக்ஸில் பங்கையும், அமெரிக்க ஆண்கள் தேசிய அணியின் நிர்வாகப் பொறுப்பையும் சேர்த்தே வைத்துக்கொண்டார். ஒன்றைத் தேர்ந்தெடுத்தே ஆக வேண்டும் என்ற கட்டாயம் அவருக்கு இல்லை.

அணியில் ஒருவனாக இருப்பதுதான் உங்களை உயிரோடு வைத்திருந்தது என்றால் வர்ணனைக்குப் போகாதீர்கள். பேச்சு நன்றாக வந்தாலும் சரி. மைக் வாசலில்தான் நிற்க வைக்கும், உள்ளே விடாது. பெஞ்சில் உட்கார்ந்திருக்கும்போதே எதிரணியின் அடுத்த ஆட்டத்தைப் பக்கத்து ஆளிடம் சொல்லிக்கொண்டிருந்தவர் நீங்கள் என்றால், தயங்காமல் மைக்கைப் பிடியுங்கள்.

இன்னும் ஆடிக்கொண்டிருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. கேண்டஸ் பார்க்கர் 2024 ஏப்ரலில் பாதக் காயத்தோடு ஓய்வை அறிவித்தபோது அவருக்கு டிவி அனுபவம் பல வருஷம் சேர்ந்திருந்தது. பெண்கள் லீக்கான டபிள்யூஎன்பிஏவில் ஆடிக்கொண்டிருந்த காலத்திலேயே, சீசன் இல்லாத மாதங்களில் டிஎன்டியில் உட்காரத் தொடங்கியிருந்தார். காயம் வந்த பிறகு பழகுவதைவிட இது பல மடங்கு சுலபம், கால் நன்றாக இருக்கும்போது யாருக்கும் தோன்றுவதில்லை என்பதுதான் பிரச்சினை.

ஏற்கெனவே காயத்தில் படுத்திருப்பவர், வர்ணனை தனக்கு வருமா என்று தெரிந்துகொள்ள ஸ்டூடியோ தேவையில்லை. பழைய ஆட்டம் ஒன்றைச் சத்தம் இல்லாமல் ஓடவிடுங்கள். போனில் பதிவைப் போட்டுவிட்டு, ஒவ்வொரு கூடைக்குப் பிறகும் அது ஏன் விழுந்தது என்று 8 வினாடிக்குள் சொல்லிப் பாருங்கள். முதல் கால் பகுதி முழுக்கச் செய்யுங்கள். மறுநாள் அதை, கூடைப்பந்து தெரியாத வீட்டு ஆள் ஒருவரிடம் படத்தோடு போட்டுக்காட்டி, என்ன புரிந்தது என்று கேளுங்கள். அவருக்குப் புதிதாக இரண்டு விஷயம் புரிந்திருந்தால் அடுத்த கல்லூரிப் போட்டி நடத்துகிறவர்களிடம் மைக் கேட்டுப் போகலாம். ஒன்றும் புரியவில்லை என்றால், தினமும் ஒரு கால் பகுதி பேசிப் பழகி, ஒரு மாதம் கழித்து அதே ஆளிடமே மறுபடி போட்டுக்காட்டுங்கள்.